அத்தியாயம் 7: ரேஷன் கடை உரிமம் ரத்தானால்

தமிழ்நாட்டில் ரேஷன் கடை என்றால் பெரும்பாலும் கூட்டுறவுச் சங்கத்துக் கடை. சில இடங்களில் நுகர்பொருள் வாணிபக் கழகத்தின் கடை. தராசுக்குப் பின்னால் நிற்பவர் சம்பளக்காரர். அவர் மீது நடவடிக்கை வந்தால் அது வேலை சம்பந்தப்பட்ட வழக்கு, அதற்கு வழி வேறு. கேரளத்தில் நிலைமை அப்படியில்லை. அங்குள்ள சுமார் 14,000 கடைகளில் பெரும்பாலானவற்றைத் தனி ஆட்கள் உரிமம் எடுத்து நடத்துகிறார்கள். தேவிகுளம், பீர்மேடு, உடும்பன்சோலை, சிற்றூர் தாலுகாக்களில் அப்படிக் கடை நடத்தும் தமிழர்களை மனத்தில் வைத்தே இந்த அத்தியாயத்தை எழுதியிருக்கிறேன். உத்தரப் பிரதேசத்திலும் பீகாரிலும் உரிமம் தனி ஆட்கள் கையில்தான். நீதிமன்றத் தீர்ப்புகளில் பல அங்கிருந்து வந்தவை, அவற்றையும் ஆங்காங்கே எடுத்துக்கொள்கிறேன்.

முன்கூட்டியே ஒன்று சொல்லிவிடுகிறேன். கார்டுதாரருக்குப் போக வேண்டிய அரிசியை நிஜமாகவே வெளியே விற்றவருக்கு இந்த அத்தியாயம் உதவாது, உதவவும் கூடாது. கணக்கில் குழப்பம், சாக்கு எடைக் குறைவு, விரோதத்தில் வந்த புகார், விசாரணையே இல்லாமல் எழுதிய உத்தரவு ஆகியவற்றில் மாட்டிக்கொண்டவருக்கே இது.

## சட்டம்: தெரிந்திருக்க வேண்டிய அளவு

உங்கள் உரிமத்துக்கு வேர் 1955-ஆம் ஆண்டின் அத்தியாவசியப் பொருட்கள் சட்டம். அதன் கீழ் மத்திய அரசு 2015-இல் இலக்கு பொது விநியோக முறை (கட்டுப்பாடு) ஆணையைக் கொண்டுவந்தது. கேரளத்துக்கென்று 2021-ஆம் ஆண்டின் ஆணை இருக்கிறது. இந்த இரண்டு ஆணைகளையும் அச்செடுத்து, உரிம நிபந்தனைத் தாளோடு ஒரே கோப்பில் வையுங்கள். நோட்டீசில் எந்தப் பிரிவு எண் வந்தாலும் உடனே புரட்டிப் பார்த்தாக வேண்டும். பிரிவு தவறாகக் குறிப்பிடப்பட்டிருக்கிறது என்பதை மேல்முறையீட்டு நிலையில் வழக்கறிஞர் கண்டுபிடிப்பதைவிட, நோட்டீஸ் வந்த அன்றே நீங்கள் கண்டுபிடிப்பது நல்லது.

ரேஷன் உரிமம் அரசு தரும் அனுமதி, உங்கள் சொத்து இல்லை. ஆனாலும் அதைப் பறித்தால் பிழைப்பு போகிறது. அதனால் என்ன குற்றம் என்று சொல்லி, ஆதாரத்தைக் காட்டி, உங்கள் பதிலைக் கேட்டு, காரணம் எழுதித்தான் ரத்து செய்ய வேண்டும். மொத்த வழக்கும் இந்த நான்கில் எது விடுபட்டது என்பதைச் சுற்றியே நடக்கும்.

## நாள் கணக்கு

மத்திய ஆணைப்படி, உத்தரவு உங்கள் கைக்கு வந்த நாளிலிருந்து 30 நாட்களுக்குள் மேல்முறையீடு செய்ய வேண்டும். உத்தரவில் போட்டிருக்கும் தேதி வேறு, உங்களுக்குக் கிடைத்த தேதி வேறு. ஆகவே:

1. தபால் உறையைக் கிழித்துப் போடாதீர்கள். தபால் முத்திரை தெரியும்படி போட்டோ எடுத்து, உறையை உத்தரவோடு சேர்த்துப் பின் அடியுங்கள்.
2. ஆள் மூலம் கொடுத்தால், கையெழுத்துக்குக் கீழே தேதியும் நேரமும் எழுதாமல் வாங்காதீர்கள்.
3. உத்தரவை வாங்க மறுப்பது வேண்டாம். கதவில் ஒட்டிவிட்டுப் போவார்கள், அன்றிலிருந்து கணக்கு ஓடும். உத்தரவில் என்ன இருக்கிறது என்பது மட்டும் உங்களுக்குத் தெரியாமல் போகும்.

நாள் கடந்துவிட்டால் தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவை மேல்முறையீட்டோடு சேர்த்துப் போட வேண்டும். ‘உடல்நிலை சரியில்லை’ என்று ஒற்றை வரி எழுதினால் போதாது. எந்த நாளிலிருந்து எந்த நாள் வரை, எந்த மருத்துவமனையில், சீட்டு எங்கே என்று எழுதுங்கள்.

## படி 1: சோதனை நடக்கும் நேரத்திலேயே

ரேஷனிங் இன்ஸ்பெக்டர் கடைக்குள் வந்து இருப்பை எண்ணத் தொடங்கியதுமே உங்கள் வழக்கும் தொடங்கிவிட்டது. அன்றைக்கு எழுதப்படும் மகஸர்தான் கடைசிவரை எல்லா அதிகாரியும் எல்லா நீதிபதியும் படிக்கப்போகும் தாள்.

1. தடுக்காதீர்கள், வாக்குவாதம் செய்யாதீர்கள். சாவி, பதிவேடு, பில் போடும் இ-போஸ் மெஷின் எல்லாவற்றையும் எடுத்து வையுங்கள். சோதனைக்கு ஒத்துழைக்கவில்லை என்பதே தனிக் குற்றச்சாட்டாகிவிடும்.
2. எப்படி எடை பார்க்கிறார்கள் என்று கவனியுங்கள். எல்லாச் சாக்கையும் தராசில் ஏற்றுகிறார்களா, நான்கைந்தை எடை போட்டு மிச்சத்தைப் பெருக்கிக்கொள்கிறார்களா? பிரிந்த சாக்கை எப்படிக் கணக்கில் எடுத்தார்கள்? இதைச் சின்னத் தாளில் உடனே குறித்து வையுங்கள்.
3. எழுதி முடித்த பிறகு மட்டுமே கையெழுத்து. வெற்றுத் தாளிலோ, எண்கள் நிரப்பப்படாத கட்டத்துக்குக் கீழோ கையெழுத்துப் போடாதீர்கள்.
4. எண்ணிக்கையில் உங்களுக்கு ஒப்புதல் இல்லை என்றால் கையெழுத்துக்கு மேலே ‘எல்லாச் சாக்கும் எடை போடப்படவில்லை, எண்ணிக்கையை ஏற்கவில்லை’ என்று எழுதிவிட்டுக் கையெழுத்திடுங்கள். பின்னால் நூறு பக்கம் வாதாடுவதைவிட அந்த ஒரு வரிக்கு மதிப்பு அதிகம்.
5. நகல் கேளுங்கள். தர மறுத்தால் அன்று மாலைக்குள் தாலுகா சப்ளை ஆபீசருக்கு எழுத்தில் கேட்டு, சீல் போட்ட ரசீது வாங்குங்கள்.

எச்சரிக்கை: சோதனைக்குப் பிறகு பதிவேட்டில் பழைய தேதியிட்டு எதையும் நிரப்பாதீர்கள். மெஷினில் ஒவ்வொரு பில்லுக்கும் நேரம் பதிவாகிறது. திருத்தியது தெரிந்தால், உரிமத்தோடு முடிய வேண்டிய விவகாரம் போலீஸ் வரை போகும்.

## படி 2: இடைநீக்கம் வந்தால்

ரத்துக்கு முன்னால் அநேகமாக இடைநீக்கம் வரும். உங்கள் கார்டுகளை அருகிலுள்ள கடையோடு சேர்த்துவிடுவார்கள். இடைநீக்கம் விசாரணை முடியும்வரை ஒரு தற்காலிக ஏற்பாடு என்பதால், அதற்கு முன்பே முழு விசாரணை நடக்கவில்லை என்று மட்டும் சொல்லிச் சண்டை போட்டு வெல்வது கடினம். சக்தியை நோட்டீசுக்கான பதிலுக்குச் சேமித்து வையுங்கள். மாதக்கணக்கில் இழுத்து விசாரணையே தொடங்காவிட்டால் அப்போது எதிர்க்கலாம்.

இந்த நாட்களில் செய்ய வேண்டியது ஒன்றுதான்: இருப்பை ஒப்படைக்கும்போது பொருள்வாரியாக, கார்டு வகைவாரியாக எழுதி இரு தரப்பும் கையெழுத்திட்ட நகலை வாங்குவது. செய்யக் கூடாததும் ஒன்று: ‘பாவம், பக்கத்து வீட்டு அம்மாதானே’ என்று உள்ளே இருக்கும் அரிசியில் ஒரு கிலோ எடுத்துக் கொடுப்பது. இடைநீக்கத்தில் இருக்கும் கடையிலிருந்து பொருள் வெளியே போனால் உங்களை எந்தக் கருணையும் காப்பாற்றாது.

## படி 3: நோட்டீசுக்குப் பதில்

மலையாளத்தில் வரும் ‘காரணம் காணிக்கல் நோட்டீஸ்’தான் மொத்த வழக்கின் மையம். பலர் இதற்கு அரைப் பக்கத்தில் மன்னிப்புக் கடிதம் எழுதிக் கொடுத்துவிட்டு, ரத்தான பிறகு வழக்கறிஞரைத் தேடி ஓடுகிறார்கள். மேல்முறையீட்டில் முதன்முதலாகச் சொல்லும் விளக்கத்தை யாரும் எளிதில் நம்புவதில்லை. ‘இது நோட்டீசின் போதே ஏன் சொல்லப்படவில்லை?’ என்ற கேள்வி வரும்.

முதலில் நோட்டீசையே சோதியுங்கள்.

- எந்தத் தேதியில், எந்தப் பொருளில், எத்தனை கிலோ குறைவு என்று இருக்கிறதா? ‘முறைகேடுகள் கண்டறியப்பட்டன’ என்று பொத்தாம்பொதுவாக இருந்தால் அதையே முதல் ஆட்சேபமாக எழுதுங்கள்.
- உரிமத்தை ரத்து செய்யப்போவதாகச் சொல்லியிருக்கிறார்களா? வெறும் ‘நடவடிக்கை எடுக்கப்படும்’ என்று எழுதிவிட்டு ரத்து செய்தால் அதை எதிர்க்க இடம் உண்டு. இந்திய உணவுக் கழகம் ஒரு நிறுவனத்தைக் கறுப்புப் பட்டியலில் சேர்த்த யு.எம்.சி. டெக்னாலஜீஸ் வழக்கில் (2020), என்ன தண்டனை தரப்போகிறோம் என்று நோட்டீசிலேயே தெளிவாக இருக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. வழக்கு கறுப்புப் பட்டியல் சம்பந்தப்பட்டது என்றாலும் அதே தர்க்கத்தை இங்கே எடுத்து வைக்கலாம்.
- இன்ஸ்பெக்டர் அறிக்கை, கார்டுதாரர் வாக்குமூலம், மகஸர் ஆகியவற்றின் நகல் இணைக்கப்பட்டிருக்கிறதா? இல்லையென்றால் நோட்டீஸ் கிடைத்த ஓரிரு நாளிலேயே அவற்றைக் கேட்டும், பதிலுக்குக் கூடுதல் அவகாசம் கேட்டும் தனிக் கடிதம் கொடுங்கள்.

நகல் கேட்ட கடிதம் கொடுத்துவிட்டோமே என்று கெடுவைத் தாண்டிக் காத்திருக்காதீர்கள். கெடு முடியும் நாளில் ‘ஆவணங்கள் இன்னும் தரப்படவில்லை, கிடைத்ததும் கூடுதல் பதில் தரும் உரிமையை வைத்துக்கொண்டு இந்த இடைக்காலப் பதிலைத் தருகிறேன்’ என்று தொடங்கி, தெரிந்த அளவுக்குப் பதில் கொடுத்துவிட வேண்டும். தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்பதும் நல்லதுதான், ஆனால் அதற்கே 30 நாள் அவகாசம் உண்டு. அதற்குள் இங்கே எல்லாம் முடிந்திருக்கும்.

பிறகு கணக்கைப் பிரியுங்கள். அதிகம் வரும் குற்றச்சாட்டு இருப்புக் குறைவு. ‘குறைவு ஒன்றும் இல்லை’ என்று மறுப்பதால் பயனில்லை. குறைவு எங்கிருந்து வந்தது என்று எண்ணால் காட்டுங்கள். ஒரு மாதிரிக் கணக்கு:

- மாத ஆரம்ப இருப்பு: 12 குவிண்டால்
- குடோனிலிருந்து வரவு: 38 குவிண்டால் (மெஷினில் ஏறியபடி, 50 கிலோ சாக்கில் 76)
- மெஷின் பில்படி விற்பனை: 41.60 குவிண்டால்
- இருக்க வேண்டியது: 8.40 குவிண்டால்
- சோதனையில் கண்டது: 7.42 குவிண்டால்
- குறைவு: 98 கிலோ

இப்போது 98 கிலோவைப் பிரிப்போம். லாரிச் சீட்டின் பின்புறம் ‘ஒரு சாக்கு வரவில்லை’ என்று டிரைவர் கையெழுத்தோடு இருக்கிறது: 50 கிலோ. வந்த 75 சாக்கும் சணல் சாக்கு; 50 கிலோ பிடிக்கும் சணல் சாக்கின் எடை சுமார் 580 கிராம். குடோனில் சாக்கோடு சேர்த்து 50 கிலோ என்று எடை போட்டிருந்தால் அரிசியில் 43.5 கிலோ குறைந்தே வந்திருக்கிறது. மீதி 4.5 கிலோ சிந்தலும் சேதாரமும். 98 கிலோவும் கணக்கில் வந்துவிட்டது.

இதில் ஒரு கண்ணி இருக்கிறது. குடோனில் சாக்கு எடையைக் கழித்து நிகர எடை போட்டிருந்தால் 43.5 கிலோ வாதம் அங்கேயே விழுந்துவிடும், உங்கள் மற்ற வாதங்களையும் சந்தேகத்துக்கு உள்ளாக்கும். எடைச் சீட்டைப் பார்த்து உறுதிசெய்யாமல் அந்த வாதத்தைத் தொடவே கூடாது. பிளாஸ்டிக் சாக்கில் வந்த சரக்குக்கும் இந்தக் கணக்கு பொருந்தாது. அதன் எடை மிகக் குறைவு.

பதிலின் நடை. குற்றச்சாட்டுக்கு எண் போட்டு, அதே வரிசையில் பதில் எழுதுங்கள். ஒரு மாதிரி:

> *குற்றச்சாட்டு 2 (புழுங்கலரிசி 98 கிலோ குறைவு): மறுக்கிறேன். இதில் 50 கிலோ கடைக்கு வந்து சேரவே இல்லை. லாரிச் சீட்டு நகல் இணைப்பு 3. சாக்கு எடை காரணமாக வந்த வித்தியாசம் 43.5 கிலோ. குடோன் எடைச் சீட்டு நகல் இணைப்பு 4. மகஸரில் 6 சாக்குகள் மட்டுமே எடை போடப்பட்டதாக நான் அன்றே எழுதிக் கையெழுத்திட்டுள்ளேன். இணைப்பு 5. மீண்டும் முழு எடை போடும்படியும், நேரில் விசாரிக்க வாய்ப்புத் தரும்படியும், எனக்கெதிராக வாக்குமூலம் தந்தவர்களைக் குறுக்கு விசாரணை செய்ய அனுமதிக்கும்படியும் கோருகிறேன்.*

கடைசி வாக்கியத்தில் உள்ள மூன்று கோரிக்கைகளையும் விட்டுவிடாதீர்கள். கேட்காத உரிமையை மறுத்தார்கள் என்று பின்னால் புகார் சொல்ல முடியாது. அடுத்தவர் வாக்கையோ கணக்கையோ நம்பி ஒரு வியாபாரி மீது முடிவெடுக்கும்போது, அந்த அடுத்தவரைக் குறுக்கு விசாரணை செய்ய வியாபாரிக்கு வாய்ப்புத் தர வேண்டும் என்பதற்குக் கேரளத்து மளிகை வியாபாரி ஒருவரின் விற்பனை வரி வழக்கே எடுத்துக்காட்டு: கேரள அரசு எதிர் கே.டி. ஷாதுலி, உச்ச நீதிமன்றம், 1977.

வழக்கமான தவறுகள்

- ‘தெரியாமல் நடந்துவிட்டது, இந்த ஒரு தடவை மன்னிக்கவும்’ என்று எழுதுவது. உத்தரவில் இது ‘உரிமதாரர் குற்றத்தை ஒப்புக்கொண்டார்’ என்று மாறிவிடும்.
- ‘அபராதம் கட்டிவிடுங்கள், விஷயம் முடிந்துவிடும்’ என்று யாரோ வாய்மொழியாகச் சொன்னதை நம்பி ஒப்புதல் கடிதம் கொடுப்பது. என்ன எழுதிக் கையெழுத்திட்டீர்கள் என்பது மட்டுமே கோப்பில் நிற்கும்.
- ஐம்பது கார்டுதாரர்களிடம் ஒரே வாசகம் தட்டச்சு செய்த பிரமாணப் பத்திரத்தில் கையெழுத்து வாங்குவது. ஐந்து பேர் தங்கள் சொந்த வார்த்தையில், எந்த மாதம் எவ்வளவு வாங்கினோம் என்று சொன்னால் போதும். மெஷின் பில்லோடு அது பொருந்த வேண்டும்.
- புகார் கொடுத்தவர் வீட்டுக்குப் போய்ப் பேசுவது. நல்ல மனதோடு போனாலும் மிரட்டியதாகத்தான் பதிவாகும். இது உங்கள் பாதுகாப்புக்கும் சேர்த்துச் சொல்வது.

தமிழில் எழுதலாமா? 1969-ஆம் ஆண்டின் கேரள ஆட்சிமொழிச் சட்டப்படி, மொழிச் சிறுபான்மைப் பகுதியாக அறிவிக்கப்பட்ட இடங்களிலுள்ள உள்ளூர் அரசு அலுவலகங்களுக்கும், தலைமைச் செயலகத்துக்கும், துறைத் தலைவர்களுக்கும் தமிழர்கள் தமிழில் எழுதலாம். பதிலும் தமிழில் வர வேண்டும். நோட்டீசின் தமிழ் வடிவத்தை எழுத்தில் கேளுங்கள். நடைமுறையில், பதிலைத் தமிழில் கொடுத்தாலும் மலையாள வடிவத்தையும் சேர்த்தே கொடுங்கள். முடிவெடுக்கும் அதிகாரி நேரடியாகப் படிக்க முடியாத தாளில் உங்கள் பிழைப்பை ஒப்படைக்க வேண்டாம்.

## படி 4: நேர் விசாரணை

குறித்த நேரத்துக்கு முன்பே போங்கள். மூலப் பதிவேடுகளைக் கொண்டுபோங்கள், ஆனால் நகலை மட்டும் கொடுங்கள். மூலத்தைக் கேட்டால் பக்க எண்ணோடு ரசீது வாங்கிக்கொண்டு கொடுங்கள். பேசியது எதுவும் பதிவாகாமல் போகலாம் என்று வைத்துக்கொண்டு, சொல்லப்போவதை ஒரு பக்கத்தில் எழுதி அங்கேயே கொடுத்துச் சீல் வாங்கிவிடுங்கள். வாக்குமூலத்தில் நீங்கள் சொல்லாதது இருந்தால் கையெழுத்துக்கு முன் திருத்தச் சொல்லுங்கள்.

## படி 5: ரத்து உத்தரவை எப்படி வாசிப்பது

பதற்றம் தணிந்த பிறகு, பென்சிலோடு உட்கார்ந்து, கீழே உள்ளவற்றைத் தேடுங்கள்.

1. கையெழுத்திட்டவருக்கு அதிகாரம் உண்டா? உரிமம் வழங்கும் அதிகாரியா, அவருக்குக் கீழே உள்ளவரா?
2. முடிவு அவருடையதா? ‘மேலிடத்து உத்தரவுப்படி’ என்ற வாசகம் இருந்தால் அடிக்கோடிடுங்கள். பம்பாயில் ஒரு திரையரங்க அனுமதியை மேலிடம் சொன்னதற்காக ரத்து செய்த போலீஸ் கமிஷனரின் உத்தரவு 1951-லேயே உச்ச நீதிமன்றத்தில் நிற்கவில்லை (கோர்தன்தாஸ் பான்ஜி வழக்கு).
3. நோட்டீசில் இல்லாத குற்றச்சாட்டு உள்ளே நுழைந்திருக்கிறதா? இது அடிக்கடி நடக்கிறது. நோட்டீசில் இருப்புக் குறைவு மட்டும், உத்தரவில் ‘கார்டுதாரரிடம் மரியாதைக் குறைவு’ம் சேர்ந்திருக்கும்.
4. காரணம் இருக்கிறதா? ‘பதில் திருப்திகரமாக இல்லை’ என்ற ஒரு வரி காரணம் ஆகாது. உத்தரப் பிரதேசத்தில் சர்க்கரை, தானிய வியாபாரி ஒருவரின் உரிமம் ரத்தான மகாவீர் பிரசாத் சந்தோஷ் குமார் வழக்கில், காரணம் எழுதாத உத்தரவு செல்லாது என்று உச்ச நீதிமன்றம் சொல்லி அரை நூற்றாண்டுக்கு மேலாகிறது.
5. தண்டனை அளவு. முதல் முறையா? குறைவு எத்தனை கிலோ? எச்சரிக்கை, அபராதம் என்று சிறிய தண்டனைகள் இருக்க, நேராக ரத்துக்குப் போனதற்கு விளக்கம் இருக்கிறதா?

உத்தரவில் எழுதாத காரணத்தைப் பின்னால் நீதிமன்றத்தில் பிரமாணப் பத்திரம் போட்டு அதிகாரி சேர்க்க முடியாது. மொகிந்தர் சிங் கில் வழக்கு (1978) இதற்கு நிலையான அடிப்படை. எனவே உத்தரவு மெலிந்திருந்தால் அது உங்களுக்குச் சாதகம்.

## படி 6: மேல்முறையீடும் தடை மனுவும்

யாரிடம் மேல்முறையீடு என்பது மாநிலத்துக்கு மாநிலம் மாறும். உத்தரப் பிரதேசத்தில் கோட்ட ஆணையர், பீகாரில் மாவட்ட ஆட்சியர். உங்கள் உத்தரவின் கடைசிப் பத்தியில் மேல்முறையீட்டு அதிகாரி யார் என்று இருக்கிறதா என்று பாருங்கள். இல்லையென்றால் மாவட்ட சப்ளை ஆபீசரிடம் அன்றே எழுத்தில் கேளுங்கள். பதில் வரும்வரை கையைக் கட்டிக்கொண்டு உட்காராமல், 2021 ஆணையின் மேல்முறையீட்டுப் பிரிவைப் பார்த்து மனுவைத் தயாராக்குங்கள்.

மேல்முறையீட்டுக் கட்டில் இருக்க வேண்டியவை, இந்த வரிசையில்:

1. மேல்முறையீட்டு மனு: முதலில் ஒரு பக்கத் தேதிவாரிச் சுருக்கம், பிறகு ஆட்சேபங்கள், கடைசியில் கோரிக்கை.
2. தடை மனு, தனியாக. மேல்முறையீடு முடியும்வரை உத்தரவை நிறுத்தி வைக்க மத்திய ஆணை அதிகாரம் தருகிறது. மேல்முறையீடு போட்டால் தானாகத் தடை வந்துவிடும் என்று நினைப்பதுதான் இந்தக் கட்டத்தின் பெரிய தவறு.
3. தடை மனுவிலேயே ‘இந்தக் கடைக்கு வேறொருவரை நிரந்தரமாக நியமிக்கக் கூடாது’ என்ற கோரிக்கை.
4. உத்தரவு, உறை, நோட்டீஸ், பதில், மகஸர், இணைப்புகள்; தொடர்ச்சியாகப் பக்க எண்.
5. தாமதம் இருந்தால் அதற்கான மனு.

ஆட்சேபங்களை எழுதும்போது நடைமுறைக் குறையை மட்டும் நம்பாதீர்கள். ‘காரணம் எழுதவில்லை’ என்று மட்டும் வாதாடி வென்றால், பெரும்பாலும் ‘மீண்டும் விசாரித்துப் புதிதாக உத்தரவிடுக’ என்று திருப்பி அனுப்புவார்கள். அதே மேசை, அதே கோப்பு. இந்த முறை காரணம் எழுதிய ரத்து வரும். 98 கிலோ கணக்கு மாதிரியான உண்மை விளக்கமும் கூட இருந்தால்தான் இரண்டாவது சுற்றில் நிற்க முடியும்.

உங்கள் இடத்தில் வேறொருவர் வந்துவிட்டால்: தற்காலிகப் பொறுப்பில் இருப்பவர் வேறு, முறையாகத் தேர்வாகி உரிமம் பெற்றவர் வேறு. பூனம் எதிர் உத்தரப் பிரதேச அரசு வழக்கில் (2015), பின்னால் கடை கிடைத்தவருக்குப் பழைய உரிமதாரரின் வழக்கில் தனி உரிமை இல்லை என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. ராம் குமார் வழக்கிலோ (2022), முறைப்படி நியமனமானவரைச் சேர்க்காமல் வழக்கு நடத்தக் கூடாது என்றது. நீங்கள் வீண் ஆபத்தை எடுக்க வேண்டாம். யாராவது நியமனமாகியிருந்தால் அதை மனுவில் வெளிப்படையாகச் சொல்லி அவரையும் எதிர்த்தரப்பாகச் சேருங்கள். மறைத்தது தெரிந்தால் கிடைத்த தடையும் போகும்.

## படி 7: உயர் நீதிமன்றம்

அரசியல் சட்டத்தின் 226-ஆவது பிரிவின் கீழ் எர்ணாகுளத்தில் ரிட் மனு போடலாம். ஆனால் மேல்முறையீடு என்ற வழி இருக்கும்போது நேரே இங்கே வந்தால் ‘முதலில் அங்கே போங்கள்’ என்பார்கள். விதிவிலக்குகள் வேர்ல்பூல் வழக்கில் (1998) தொகுத்துச் சொல்லப்பட்டிருக்கின்றன. ரேஷன் கடைக்காரருக்குப் பயன்படுபவை இரண்டு: உங்களைக் கேட்காமலேயே உத்தரவு, அதிகாரமே இல்லாதவர் போட்ட உத்தரவு. நோட்டீசே வராமல் ரத்தாகியிருந்தால் நேரே போகலாம். கணக்குத் தகராறு என்றால் போகாதீர்கள். சாக்கு எடை பார்ப்பது உயர் நீதிமன்றத்தின் வேலை இல்லை.

மூன்றாவதாக ஒரு சந்தர்ப்பம் இருக்கிறது, நடைமுறையில் இதுவே அதிகம் உதவுகிறது. மேல்முறையீடும் தடை மனுவும் போட்டு வாரக்கணக்கில் யாரும் தொடவில்லை என்றால், அவற்றைக் குறித்த காலத்துக்குள் முடிக்க உத்தரவிடக் கோரி ரிட் போடலாம். இத்தனை வாரத்துக்குள் முடிவெடுக்க வேண்டும், அதுவரை இருக்கும் நிலை தொடர வேண்டும் என்ற அளவில் சிறிய உத்தரவு கிடைப்பதுண்டு. சின்னதாகத் தெரியும், ஆனால் புது நியமனத்தை அது நிறுத்தி வைக்கும்.

ரிட் மனுவுக்கு வழக்கறிஞர் வையுங்கள். இதுவரையான படிகளை நீங்களே செய்யலாம், இதைச் செய்ய வேண்டாம். தமிழ் ஆவணங்களுக்கு ஆங்கில மொழிபெயர்ப்பும் தேவைப்படும். பெண்கள், பட்டியல் இனத்தவர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள், குறிப்பிட்ட வருமான வரம்புக்குள் இருப்பவர்கள் ஆகியோருக்கு 1987-ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணையச் சட்டத்தில் இலவச வழக்கறிஞர் உண்டு. முதலில் தாலுகா சட்டப் பணிகள் குழுவில் விசாரியுங்கள்.

## கிரிமினல் வழக்கும் சேர்ந்து வந்தால்

அத்தியாவசியப் பொருட்கள் சட்டத்தின் 7-ஆவது பிரிவில் வழக்குப் பதிவானாலோ, சரக்கைப் பறிமுதல் செய்ய 6ஏ பிரிவில் ஆட்சியர் நோட்டீஸ் அனுப்பினாலோ, அவை தனித் தண்டவாளங்கள். கிரிமினல் வழக்கில் விடுதலையானாலும் உரிம ரத்து தானாக நீங்காது. நீங்கள் உரிம நோட்டீசுக்கு எழுதிய பதில் கிரிமினல் நீதிமன்றத்தில் உங்களுக்கெதிராக விரியும். எனவே முதல் தகவல் அறிக்கை பதிவாகிவிட்டது என்று தெரிந்தால், படி 3-இன் பதிலைக்கூட வழக்கறிஞர் பார்க்காமல் கொடுக்காதீர்கள். அவகாசம் கேட்டு ஒரு கடிதம் மட்டும் கொடுத்துவிட்டு அவரைப் பாருங்கள்.

## படி 8: கடை திரும்பக் கிடைத்தால்

1. உத்தரவின் சான்றிட்ட நகலை மாவட்ட, தாலுகா சப்ளை ஆபீஸ் இரண்டிலும் கொடுத்து ரசீது வாங்குங்கள். உத்தரவு தானாகக் கீழே இறங்கி வராது.
2. கார்டுகளை உங்கள் கடைக்குத் திருப்பவும், மெஷினில் உங்கள் கைரேகையை மீண்டும் ஏற்றவும் எழுத்தில் கேளுங்கள்.
3. முதல் லோடு இறங்கும் முன், இருப்புப் பூஜ்யம் என்றோ, உள்ளே இருப்பது இவ்வளவு என்றோ கையெழுத்தான தாள் வேண்டும். பழைய சரக்கு புழுத்திருந்தால் அதையும் அன்றே எழுதிக்கொள்ளுங்கள்.
4. உரிமத்தின் காலாவதித் தேதியைப் பாருங்கள். வழக்கு நடந்த காலத்திலேயே அது முடிந்திருக்கலாம். ரத்து உத்தரவு நீங்கினாலும் புதுப்பிக்காத உரிமத்தில் கடை திறக்க முடியாது. ஆகவே வழக்கு நடக்கும்போதே, கெடுவுக்கு முன், ‘மேல்முறையீட்டு முடிவுக்கு உட்பட்டு’ என்று குறிப்பிட்டுக் கட்டணத்தோடு புதுப்பித்தல் விண்ணப்பம் கொடுத்து வையுங்கள். வாங்க மறுத்தால் ஒப்புகை அட்டையுடன் தபாலில் அனுப்பி, அந்த அட்டையையும் கோப்பில் சேருங்கள்.